கெல்ட்டிக் கதைகள்: எங்கே தொடங்குவது, எதை எவ்வளவு நம்புவது

கெல்ட்டுகள் என்பவர்கள் பழைய ஐரோப்பாவின் மக்கள். ‘கெல்ட்டிக்’ என்று அட்டையில் போட்ட புத்தகங்களில் மூன்று காலத்துச் சரக்கு கலந்து கிடக்கும். ஒன்று, கி.மு. 800 வாக்கில் தொடங்கும் இரும்புக்காலம். ஆஸ்திரியாவின் ஹால்ஸ்டாட்டிலும் சுவிட்சர்லாந்தின் லா டென்னிலும் கிடைத்த வாள்களும் அணிகலன்களும், கெல்ட்டுகளை வெளியே நின்று பார்த்த கிரேக்கரும் ரோமானியரும் எழுதியவையும் இதில் சேரும். இரண்டு, அயர்லாந்திலும் வேல்ஸிலும் கிறித்தவ எழுத்தர்கள் எழுதிவைத்த கதைகள். அவற்றின் முக்கியமான ஏடுகள் 1100-க்கும் 1400-க்கும் இடைப்பட்டவை. மூன்று, 1700-களுக்குப் பிறகு கவிஞர்களும் ஆர்வலர்களும் சேர்த்துவிட்டவை. முதலாவதற்கும் இரண்டாவதற்கும் நடுவே ஏறக்குறைய ஆயிரம் ஆண்டு இருக்கிறது. பல புத்தகங்கள் இந்த ஆயிரத்தை ஒரே வரியில் தாண்டிவிடும்.

ஆகவே பென்சிலோடு உட்காருங்கள். ‘கெல்ட்டுகள் இப்படி நம்பினார்கள்’ என்று வரும் ஒவ்வொரு வரிக்கும் ஓரத்தில் 1, 2, 3 என்று போடுங்கள். எந்த எண் என்று ஆசிரியரே சொல்லாமல் விட்டால் கேள்விக்குறி. பத்துப் பக்கத்தில் நாலு கேள்விக்குறிக்கு மேல் விழுந்தால், அந்தப் புத்தகத்தைக் கதையாகப் படிக்கலாம், வரலாறாக வேண்டாம்.

முதலில் புய்ல் கதை

பலர் நேராக அயர்லாந்தின் பெருங்கதையான ‘டாய்ன்’ பக்கம் போய், ஐம்பதாவது பக்கத்தில் பெயர் வெள்ளத்தில் மூழ்கி விட்டுவிடுகிறார்கள். வேல்ஸ் கதைகளில் தொடங்குவதே நல்லது. வேல்ஸின் பழங்கதையான ‘மபினோகி’யின் நான்கு கிளைகளில் முதலாவது, டவெட் நாட்டுத் தலைவன் புய்லின் கதை. மொழிபெயர்ப்பில் சுமார் 20 பக்கம், ஒரே மூச்சில் முடித்துவிடலாம்.

வேட்டைக்குப் போன புய்ல், வேறு யாருடைய நாய்களோ ஒரு மானை வீழ்த்தியிருப்பதைப் பார்க்கிறான். பளபளக்கும் வெள்ளை உடம்பு, சிவந்த காதுகள். அவற்றை விரட்டிவிட்டுத் தன் நாய்களை மானின்மேல் ஏவுகிறான். நாய்களின் சொந்தக்காரன் மறுவுலகான அன்னுவ்னின் அரசன் அரௌன். செய்த மரியாதைக்குறைவுக்கு ஈடாக இருவரும் ஓராண்டு உருவம் மாற்றிக்கொள்கிறார்கள். ஆண்டு முடிவில் அரௌனின் எதிரியை புய்ல் ஒரே வெட்டில் வீழ்த்த வேண்டும். கெஞ்சினாலும் இரண்டாவது வெட்டு கூடாது, வெட்டினால் அவன் பிழைத்துக்கொள்வான். அந்த ஓராண்டும் புய்ல் அரௌனின் மனைவியோடு ஒரே கட்டிலில், முதுகைத் திருப்பிக்கொண்டு படுக்கிறான். கதைசொல்லி இதற்கு விளக்கமோ வியப்போ தருவதில்லை. மறுவுலகம் பக்கத்துக் காட்டில் இருக்கிறது, அங்கே நடந்தே போகலாம், நாயின் காது நிறம்தான் அடையாளம். இந்த நடைக்குக் காது பழகிவிட்டால் மற்ற கதைகள் வழிவிடும்.

ஆங்கில மொழிபெயர்ப்புகளில் ஷோனெட் டேவிஸ் 2007-இல் வெளியிட்டது வாய்மொழிக் கதையின் ஓசையை நன்றாகப் பிடித்திருக்கிறது. இணையத்தில் இலவசமாகக் கிடைப்பது பெரும்பாலும் ஷார்லட் கெஸ்ட் சீமாட்டி 1838 முதல் 1849 வரை வெளியிட்டது. முன்னோடி வேலைதான், ஆனால் மொழி பழசு, கூச்சமான இடங்கள் நாசூக்காக மழுப்பப்பட்டிருக்கும். ‘மபினோகியன்’ என்ற தலைப்பைப் பரப்பியதும் அவர்தான். ஏட்டில் அந்தச் சொல் ஒரே ஓர் இடத்தில் வருகிறது, அதுவும் எழுத்தரின் கைப்பிழை என்றே கருதப்படுகிறது.

பிறகு டாய்ன்

டாய்ன் என்றால் மாடுபிடிச் சண்டை, அதாவது ஆநிரை கவர்தல். அயர்லாந்தின் கானக்ட் அரசி மேவ், கூலி நாட்டின் பழுப்புக் காளைக்காகப் படையோடு அண்டை நாடான அல்ஸ்டர்மேல் வருகிறாள். சாபத்தால் அல்ஸ்டர் ஆண்கள் பிரசவ வலியில் சுருண்டு கிடக்க, கூஹுலின் என்ற இளைஞன் ஆற்றுத்துறையில் தனியாக நின்று தடுக்கிறான்.

அந்தச் சாபம் ஏன் வந்தது? அல்ஸ்டர் வீரர்கள் சிலர் எதற்காக எதிரிப் படையில் இருக்கிறார்கள்? இரண்டுக்கும் விடை முன்கதைகளில்தான் இருக்கிறது. மாஹா சாபம், டெய்ர்ட்ரா கதை இரண்டையும் முதலில் படித்துவிட்டு வாருங்கள். தாமஸ் கின்செல்லாவின் 1969 மொழிபெயர்ப்பு முன்கதைகளை நூலின் தொடக்கத்திலேயே சேர்த்திருப்பதால் முதல்முறை படிப்பவருக்கு அதையே சொல்வோம். கியரன் கார்சனின் 2007 மொழிபெயர்ப்பு இரண்டாம் வாசிப்புக்கு ருசியானது. கிரெகரி சீமாட்டி 1902-இல் எழுதியது மொழிபெயர்ப்பு அல்ல, முரட்டுத்தனத்தைத் தட்டிச் சீராக்கிய மறுகூறல். அதை மூலம் என்று நினைத்தால் மேவ் யாரென்றே தெரியாமல் போகும்.

நடுப்பகுதியில் இன்னான் இந்த இடத்தில் செத்தான், அதனால் இந்தத் துறைக்கு இன்ன பெயர் என்று வரிசையாக வரும். சலிப்பு தட்டுவது இங்கேதான். இடப்பெயருக்குக் கதை சொல்வது பழைய ஐரிஷ் புலமையில் தனித் துறை. அந்தப் பக்கங்களைத் தயங்காமல் வேகமாகத் தாண்டலாம், ஆனால் கூஹுலினுக்கும் அவன் வளர்ப்புச் சகோதரன் ஃபெர்தியாவுக்கும் நடக்கும் சண்டையில் நிதானித்துவிடுங்கள்.

டாய்னுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட வடிவங்கள் உண்டு. பழைய வடிவத்தின் பெரும்பகுதி ‘கபிலைப் பசுவின் ஏடு’ என்னும் சுவடியில் இருக்கிறது. அதன் எழுத்தர்களில் ஒருவர் 1106-இல் கொல்லப்பட்டார் என்பதை வைத்து அதன் காலத்தைக் கணிக்கிறார்கள். அரசனும் அரசியும் படுக்கையில் சொத்துக் கணக்குப் பார்க்கும் புகழ்பெற்ற தொடக்கம் அதில் இல்லை. அது 12-ஆம் நூற்றாண்டு ‘லென்ஸ்டர் ஏட்டில்’ வருவது, கின்செல்லா எடுத்து முன்னால் வைத்திருக்கிறார். அதே லென்ஸ்டர் ஏட்டின் கடைசியில் இரண்டு குறிப்புகள். முதல் குறிப்பு ஐரிஷ் மொழியில், கதையை மாற்றாமல் சொல்பவருக்கு ஆசி கூறுகிறது. அடுத்தது லத்தீனில்: இதை எழுதிய நான் இதில் பலவற்றை நம்பவில்லை, சில பேய்களின் ஏமாற்று, சில கவிஞர்களின் கற்பனை, சில மூடர்களை மகிழ்விக்க வந்தவை. எண் 2 என்று போடும்போதெல்லாம் அந்த எழுத்தரை நினைத்துக்கொள்ளுங்கள். கதையை விடவும் மனமில்லாமல், நம்பவும் முடியாமல் எழுதியவர்.

பெயர்களை வாயில் கொண்டுவருவது

எழுத்துக்கூட்டிப் படித்தால் ஐரிஷ் பெயர் ஒன்றுகூடத் தேறாது. நல்லவேளையாக, அதன் அடிப்படை தமிழருக்கு அந்நியமில்லை. ‘பகல்’ என்பதில் க இளகி ஒலிப்பதுபோல ஐரிஷ் மெய்களும் உயிர்களுக்கு நடுவே இளகும், அதை எழுத்தில் ‘எச்’ சேர்த்துக் காட்டுவார்கள். ‘எம்’மோடு எச், ‘பி’யோடு (b) எச் இரண்டும் வ. ‘டி’யோடு (t) எச் வெறும் ஹ. ஆகவே ‘சம்ஹைன்’ போல் தெரிவது சவ்வின். ‘நியாம்’ போல் தெரிவது நீவ். பழைய எழுத்துமுறையில் இந்த எச் பல இடங்களில் இருக்காது. ஒரு புத்தகத்தில் லுக், இன்னொன்றில் லூ என்றால் இருவர் அல்ல, ஒரே கடவுள்.

வேல்ஸ் மொழி இதைவிட நேரானது. ‘டபிள்யூ’ பெரும்பாலும் உ. ஒற்றை ‘எஃப்’ வ, இரட்டை ‘எஃப்’ ஃப. இரட்டை ‘டி’ (dd) என்பது ‘அது’வில் வரும் த. இரட்டை ‘எல்’லுக்கு நாக்கை ல-வில் வைத்துக் குரல் கொடுக்காமல் காற்றை மட்டும் ஊதுங்கள். புய்லின் கடைசி ஒலி அதுதான், தமிழ் எழுத்தில் அடங்காது. அழுத்தம் பெரும்பாலும் கடைசிக்கு முந்தைய அசையில் விழும்.

ட்ரூயிடுகள்

கெல்ட்டுகளின் பூசாரிகளான ட்ரூயிடுகள் தங்கள் போதனையை எழுதிவைக்கவில்லை. எழுதுவது தகாது என்று அவர்கள் கருதியதாகவும், சிலர் 20 ஆண்டு மனப்பாடம் செய்ததாகவும் சீசர் சொல்கிறார். வெள்ளையங்கி, தங்க அரிவாள், கருவாலி மரத்துப் புல்லுருவி எல்லாம் ரோமானிய எழுத்தாளர் பிளினியின் ஒரே ஒரு பத்தியிலிருந்து வந்தவை. ‘ட்ரூயிடுகளின் இரகசியப் போதனை’ என்று எது வந்தாலும் 3 போடுங்கள். அதில் கணிசமான பங்கு யோலோ மோர்கானுக் என்ற வேல்ஸ் கவிஞருடையது. பழைய ஏடுகள் என்று தானே எழுதிக் கலந்துவிட்டு, 1792-இல் லண்டன் பிரிம்ரோஸ் குன்றில் ‘கோர்செத்’ என்ற கவிஞர் கூடுகைச் சடங்கையும் நடத்திக் காட்டினார். அபாரமான கவிஞர், அபாரமான போலி.

ஆஸ்டெரிக்ஸ் படக்கதையை வைத்தே பயிற்சி செய்யலாம். புரோகிதர் கையிலுள்ள தங்க அரிவாளுக்கு 1. ஒபெலிக்ஸ் முதுகில் சுமக்கும் நெடுங்கல்லுக்கு எந்த எண்ணும் பொருந்தாது. பிரான்சின் பிரிட்டனி நெடுங்கற்கள் கெல்ட்டுகளுக்கு ஆயிரக்கணக்கான ஆண்டு முந்தியவை. ஸ்டோன்ஹெஞ்சும் அப்படியே.

ஓகம் கல்லைப் படிப்பது

பழைய அயர்லாந்தின் எழுத்துமுறையான ஓகம் பெரும்பாலும் கல்லின் செங்குத்து விளிம்பையே நடுக்கோடாகக் கொண்டு வெட்டப்படும். இடது கீழ்மூலையில் தொடங்கி மேல்நோக்கிப் படியுங்கள். விளிம்புக்கு வலப்பக்கம் ஒன்று முதல் ஐந்து கோடு: ப, ல, வ, ஸ, ந. இடப்பக்கம்: ஹ, ட, த, க, க்வ. விளிம்பைக் குறுக்கே சாய்வாக வெட்டினால் இன்னோர் ஐந்து மெய், ம முதல் ர வரை. விளிம்பின் மேலேயே சிறு வெட்டு உயிரெழுத்து: அ, ஒ, உ, எ, இ. மொத்தம் 20. வழக்கமான தப்பு, தேய்ந்துபோன உயிர்வெட்டுகளை எண்ணாமல் விடுவது. அப்போது சொல் முழுக்க மெய்யாகவே வரும். ‘மக்வி’ என்ற சொல்லை முதலில் தேடுங்கள். ‘மகனுடைய’ என்று பொருள், அது கிடைத்தால் இருபுறமும் பெயர்கள். எஞ்சியிருக்கும் 400 சொச்சம் கற்களில் ஏறக்குறைய எல்லாமே இன்னாருடைய மகன் இன்னாருடைய கல் என்ற அளவில்தான் பேசுகின்றன. டப்ளின் உயராய்வு நிறுவனம் பல கற்களை முப்பரிமாணப் படமாக இணையத்தில் வைத்திருக்கிறது. ஒளியைச் சாய்த்துப் பார்த்தால் வெட்டுகள் தெரியும்.

சில எழுத்துப் பெயர்கள் மரப்பெயர்கள் என்பது உண்மை. அதை வைத்து 13 மாத மர நாட்காட்டி கட்டியவர் ஆங்கிலக் கவிஞர் ராபர்ட் கிரேவ்ஸ், 1948-இல் வந்த ‘வெள்ளைத் தேவி’ என்ற நூலில். ‘உங்கள் கெல்ட்டிக் மர ராசி’ அங்கிருந்து கிளைத்தது. கன்னி, தாய், கிழவி என்ற முத்தேவி வாய்பாடு பரவியதும் பெரும்பாலும் அந்த நூலால்தான். பழைய கதைகளில் தேவியர் மூவராக வருவது உண்டு, ஆனால் வயது வரிசையில் அல்ல.

நாவல் வாங்கும் முன்

புனைகதை 3-ஐ எடுத்தாள்வது குற்றமில்லை, பின்னுரையில் ஒப்புக்கொள்கிறதா என்று பாருங்கள். இரும்புக்கால அயர்லாந்தில் உருளைக்கிழங்கு வெந்தால் மூடிவிடலாம், அது அமெரிக்காவிலிருந்து வந்தது. ஒவ்வொரு குலத்துக்கும் ஒரு கட்டம்போட்ட துணி என்றால் அது 19-ஆம் நூற்றாண்டு. ஆண்டுக்கு எட்டுப் பண்டிகை என்றால் 1950-கள். பழைய ஐரிஷ் நூல்கள் சொல்பவை நான்கு: சவ்வின், இம்போல்க், பெல்டனா, லூநசா.

பென்சில் தடுமாறும் இடம் பிரிஜிட். கவிஞர்கள் வணங்கிய தேவி என்று அவளைச் சொல்லும் சொற்பொருள் நூல் கி.பி. 900 வாக்கினது. அயர்லாந்தின் கில்டேர் ஊர்ப் புனிதை பிரிஜிட்டின் வரலாறோ 7-ஆம் நூற்றாண்டிலேயே எழுதப்பட்டுவிட்டது. தேவி புனிதையானாள் என்று ஒரே வரியில் முடிக்கும் புத்தகங்கள் இதைச் சொல்வதில்லை. இரண்டுக்கும் 2 போடுங்கள். கில்டேரில் 19 கன்னியர் இரவுக்கு ஒருவராக அணையாத நெருப்பைக் காத்ததாகவும், இருபதாம் இரவை பிரிஜிட்டிடமே விட்டுவிட்டதாகவும், சாம்பல் மட்டும் பெருகவே இல்லை என்றும் 12-ஆம் நூற்றாண்டில் எழுதியவர் வேல்ஸ் நாட்டு ஜெரால்ட். அதுவும் 2. அந்த நெருப்பை பிரிஜிடைன் சபைக் கன்னியாஸ்திரிகள் 1993-இல் கில்டேரில் மறுபடி ஏற்றினார்கள். அதற்கு 3, பக்கத்தில் ஆண்டையும் எழுதிவையுங்கள்.