தடத்துத் தகராறு நடக்கும்போது பட்டா மாற்றுவது எப்படி?

அப்பா தவறிய மூன்றாம் மாதம் தெற்குத் தோட்டத்துக்காரர் வண்டித்தடத்தில் கல்தூண் நட்டுக் கம்பி இழுத்துவிட்டார். அப்பா பேரில் இருந்த பட்டாவை எங்கள் பேருக்கு மாற்ற நான் அலைந்துகொண்டிருந்த நேரம். ஆத்திரத்தில் இரண்டையும் ஒரே மனுவில் எழுதிக் கொடுத்தேன். 'வழித்தடப் பிரச்சினை உள்ளதால்' என்று ஒரு வரி போட்டு மனுவைத் தள்ளிவிட்டார்கள்.

பட்டா, தீர்வை யார் பேரில் என்று வருவாய்த்துறை வைத்திருக்கும் கணக்கு. தடம், அடுத்தவர் நிலத்தின் மேல் நமக்குள்ள பாத்தியம். முன்னதற்கு வட்டாட்சியர் அலுவலகம், பின்னதற்கு முன்சீப் கோர்ட். இரண்டையும் ஒரே காகிதத்தில் எழுதவே எழுதாதீர்கள்.

முதலில் அந்தத் தடம் யாருடையது என்று பாருங்கள். வருவாய்த்துறை இணையதளத்திலேயே அ-பதிவேடும் (எந்த எண் நிலம் யாருடையது, என்ன வகை என்ற பதிவு) புலப்படமும் (நிலத்தின் அளவு வரைபடம்) எடுக்கலாம். தடம் தனி உட்பிரிவு எண்ணோடு 'வண்டிப்பாதை' என்று அரசுப் புறம்போக்கில் இருந்தால் அதிர்ஷ்டம். ஆக்கிரமிப்பை அகற்றச் சொல்லி வட்டாட்சியருக்கே மனுப் போடலாம். எங்களுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. தடம் முழுக்க தெற்குத் தோட்டத்துக்காரரின் பட்டா நிலத்தில் ஓடியது.

அப்படியானால் பத்திரம்தான் கதி. தாத்தா காலத்துப் பாகப்பிரிவினையில் 'ஆள், ஆடு மாடு, வண்டி வாகனம் போக வர மாமூல் தடப் பாத்தியம்' என்று இருந்தது. இத்தோடு நின்றுவிடாதீர்கள். வில்லங்கச் சான்று போட்டு எதிராளியின் தாய்ப்பத்திரத்துக்கும் சார்பதிவாளர் அலுவலகத்தில் நகல் வாங்குங்கள். அவருடைய பத்திரத்திலும் நம் தடத்தை ஒப்புக்கொண்டு எழுதியிருந்தால் பாதிக் கேஸ் முடிந்தது.

இனி பட்டா. இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று எல்லாம் வைத்து இ-சேவை மையத்தில் 60 ரூபாய் கட்டிப் பதிந்தேன். அங்கே 'உட்பிரிவு உண்டா, இல்லையா', அதாவது நிலத்தை அளந்து பிரித்துத் தனி எண் போட வேண்டுமா என்று கேட்பார்கள். தகராறு இருக்கும்போது இல்லை என்றே போவது நல்லது. உட்பிரிவு என்றால் சர்வேயர் வருவார், பக்கத்து நிலக்காரருக்குத் தகவல் போகும், சங்கிலி போடும் அன்றைக்கு அவர் நாலு பேரோடு வந்து நிற்பார். அதனால் அம்மா, தங்கை, நான் மூவர் பேரிலும் கூட்டுப் பட்டாவாக மாற்றினோம். பங்கைப் பிறகு பிரித்துக்கொள்ளலாம். பிரிக்கும்போது, பின்பங்குக்காரர் போகும் தடத்தின் அகலத்தையும் பத்திரத்தில் அடிக்கணக்கில் எழுதிவிடுங்கள்.

பட்டா மாற்றத்துக்கு எதிராளி ஆட்சேபணை மனுக் கொடுக்கத்தான் செய்வார். எங்களவரும் கொடுத்தார். கிராம நிர்வாக அலுவலர் விசாரித்தபோது நாங்கள் எழுதிக் கொடுத்தது இவ்வளவே: 'ஆட்சேபிப்பவர் எங்கள் நிலத்தில் எந்த உரிமையும் கோரவில்லை. தம் நிலத்தில் எங்களுக்கு வழி இல்லை என்கிறார். அது தனி விவகாரம்.' தடத்துக்கு வழக்கு இருக்கிறதா என்று கேட்டால் மறைக்காதீர்கள், எண்ணைச் சொல்லிவிடுங்கள். மீறித் தள்ளுபடி செய்தால் உத்தரவை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். 1983-ஆம் வருஷத்துப் பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதன்பின் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு உண்டு. வாய்வார்த்தையாகச் சொன்னதற்கு மேல்முறையீடு கிடையாது.

தடத்து வழக்கில் நாள் கடத்துவதுதான் ஆபத்து. 1882-ஆம் வருஷத்து வசதியுரிமைச் சட்டம் 15-ஆம் பிரிவுப்படி, 20 வருஷம் தடையில்லாமல், உரிமையாக, வெளிப்படையாகப் போய்வந்திருந்தால் பாத்தியம் உண்டு. ஆனால் அந்த 20 வருஷம், வழக்குப் போடுவதற்கு முந்தைய இரண்டு வருஷத்துக்குள் வந்து முடிய வேண்டும். அடைத்த பிறகு ஊர்ப் பஞ்சாயத்து, சமாதானம் என்று மூன்று வருஷம் போக்கினால் இந்த வாதம் கைவிட்டுப் போகும். அவசியத் தடம் என்று 13-ஆம் பிரிவில் கேட்பதானால் வேறு வழியே இருக்கக் கூடாது. சுற்றுவழி ஒன்று இருந்தாலும், 'அது தூரம்' என்பது செல்லாது.

ஆத்திரத்தில் ராத்திரியோடு ராத்திரியாக ஜேசிபி வைத்துக் கல்லைப் பிடுங்கலாம் என்று என் மச்சான் சொன்னான். பிடுங்கியிருந்தால் குற்றவாளி நாங்கள். அதற்குப் பதில், கல் நட்ட மறுநாளே சக்கரத்தடம் தெரியப் படம் எடுத்தோம். கரும்பு லாரி வந்துபோன பழைய ரசீதுகளைத் தேடி எடுத்தோம். வழக்குப் போட்ட கையோடு, இடத்தைப் பார்வையிட்டுக் கோர்ட்டுக்கு அறிக்கை தர ஒரு வக்கீல் ஆணையரை நியமிக்கும்படி மனுப் போடச் சொல்லி வக்கீலை நச்சரித்தேன்.

கூட்டுப் பட்டா கைக்கு வந்துவிட்டது. வழக்கு நடக்கிறது. ஆணையர் வந்து அளந்து வரைந்து போன மறுவாரமே தெற்குத் தோட்டத்துக்காரர் தடத்தை உழுது மஞ்சள் நட்டுவிட்டார். ஆணையர் அறிக்கையில் தடம் தடமாகவே இருக்கிறது.