சென்னைத் தீர்ப்பைக் கோலாலம்பூரில் பதிவு செய்வது எப்படி?

தீர்ப்பு சென்னையில் கிடைத்துவிட்டது. பணம் தர வேண்டியவரோ கோலாலம்பூரில் வீடும் கடையுமாக இருக்கிறார். இப்படி என்னிடம் வருகிறவர்களை, வழக்கறிஞராக நான் முதலில் கேட்பது தீர்ப்பின் தேதியைத்தான். மலேசியாவின் 1958ஆம் ஆண்டுப் பரஸ்பரத் தீர்ப்பு அமலாக்கச் சட்டப்படி, 6 ஆண்டுகளுக்குள் இங்குள்ள உயர் நீதிமன்றத்தில் பதிவுக்கு விண்ணப்பிக்க வேண்டும். மேல்முறையீடு நடந்திருந்தால் கடைசித் தீர்ப்பிலிருந்து கணக்கு. ‘தருகிறேன், தருகிறேன்’ என்ற வாய்ப்பேச்சை நம்பி அந்தக் காலத்தைக் கரைத்துவிடாதீர்கள்.

அடுத்தது முத்திரை. இந்திய உயர் நீதிமன்றம் அல்லது மாவட்ட நீதிபதியின் தீர்ப்பு என்றால் கவலையில்லை. வேறு உரிமையியல் நீதிமன்றம் என்றால், அதன் அதிகாரத்துக்குப் பண வரம்பு கிடையாது என்று காட்டும் முத்திரை தீர்ப்பின்மேல் இருக்க வேண்டும். அதை ஊரிலேயே கேட்டு வாங்கிக்கொண்டு விமானம் ஏறுங்கள். தீர்ப்பு தமிழில் இருந்தால் சான்றளித்த மொழிபெயர்ப்பும் தேவை.

பணம் தரச் சொல்லும் இறுதித் தீர்ப்புதான் பதிவாகும். வரி, அபராதம் பதிவாகாது. ரூபாயைத் தீர்ப்பு நாளின் மாற்று விகிதப்படியே ரிங்கிட்டாக்குவார்கள். பிறகு ரூபாய் சரிந்திருந்தாலும் நஷ்டம் உங்களுக்கில்லை.

பதிவானதும் எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு போகும். ரத்து கோருவதற்கான கெடு முடியும்வரை ஜப்தி கிடையாது. ‘நான் கடனே வாங்கவில்லை’ என்று அவர் பழைய வழக்கைக் கிளற முடியாது. அந்த நீதிமன்றத்துக்கு என்மேல் அதிகாரமில்லை, சம்மன் உரிய காலத்தில் வரவில்லை, தீர்ப்பே மோசடியால் பெறப்பட்டது என்பது போன்ற சில காரணங்களைத்தான் சொல்ல முடியும். பெரும்பாலும் சம்மனைத்தான் பிடித்துக்கொள்வார்கள். ஆகவே தபால் ஒப்புகை அட்டை, அமீனாவின் அறிக்கை இரண்டையும் கண்போல் காத்து வையுங்கள்.

துபாய், ஆஸ்திரேலியத் தீர்ப்புகளுக்கு இந்தப் பதிவு வழி இல்லை; அந்த நாடுகள் சட்டத்தின் அட்டவணையில் இல்லை. அங்கு கிடைத்த தீர்ப்பையே கடனாகக் காட்டி இங்கே புது வழக்குப் போட வேண்டும். அதற்காக மலைக்க வேண்டாம். எதிர்த்தரப்பு முன்னிலையானதும், 2012 நீதிமன்ற விதிகளின் 14ஆம் ஆணைப்படி, முழு விசாரணையின்றியே தீர்ப்புக் கேட்கலாம். விசாரிக்கத் தகுந்த கேள்வி ஒன்றாவது இருக்கிறது என்று அவர் சத்தியப் பிரமாணப் பத்திரத்தில் காட்டியாக வேண்டும். வெறும் மறுப்பு செல்லாது. உங்கள் பக்கமும் கவனம் தேவை. கோபத்தில் கோரிக்கையை மோசடிக் குற்றச்சாட்டின்மேல் கட்டிவிட்டால், 14ஆம் ஆணை உங்களுக்குக் கிடைக்காது.