கடலோரச் சந்தில் படம் வரைய: முதலில் சுவர், அப்புறம்தான் பெயிண்ட்

மெல்போர்னில் ஹோசியர் லேன் என்று ஒரு சந்து. கல் பாவிய குறுகல் தெரு, சுவர் முழுக்க ஸ்பிரே ஓவியம், இடையில் சாப்பாட்டுக் கடை. அதைப் போனில் பார்த்துவிட்டு, நம்ம கீழக்கரைச் சந்திலும் புரோட்டாக் கடை பக்கத்துச் சுவரில் இப்படி வரையலாமே என்று தம்பிமார் கேட்கிறார்கள். தாராளமாக வரையலாம். ஆனால் கடையில் எமல்ஷன் டப்பா வாங்குவதற்கு முன் சுவரைப் பாருங்கள்.

பழைய வீடு என்றால் உள்ளே முருகைக்கல் (பவளக்கல்), மேலே சுண்ணாம்புப் பூச்சு இருக்க வாய்ப்புண்டு. தனுஷ்கோடியில் இடிந்து நிற்கும் தேவாலயத்தைப் பார்த்தவர்களுக்கு அந்தப் பவளக்கல் தெரியும். இப்போது கடலிலிருந்து அதை எடுப்பது குற்றம், 2001இலேயே பவளத்தை வனவிலங்குச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்த்துவிட்டார்கள். அதனால் ஆணி, டிரில் எதுவும் வேண்டாம், உடைத்தால் மாற்றுக் கல் கிடைக்காது.

இந்தச் சுவர் மூச்சு விடும். தரையிலிருந்து ஓதம், அதாவது ஈரம், ஏறும், நீர் காய்ந்ததும் உப்பு வெளியே பூக்கும். அதன் மேல் பிளாஸ்டிக் மாதிரி பெயிண்ட் அடித்து அடைத்தால் உப்பு உள்ளிருந்து தள்ளி, படம் அப்பளம் போல் உப்பி உரியும். நான் முதன்முதலில் வரைந்த பாய்மரத்துக்கு ஒரு மழைக்காலம்தான் ஆயுள்.

ஒரு பாலித்தீன் தாளை நான்கு ஓரமும் டேப் போட்டுச் சுவரில் ஒட்டி, ஒரு ராத்திரி விடுங்கள். காலையில் உள்பக்கம் முத்து முத்தாக நீர் இருந்தால் இன்னும் காயவில்லை. ஐப்பசி, கார்த்திகை மழையெல்லாம் முடிந்து, மாசிக்கு மேல் ஆரம்பிப்பது நல்லது. பூத்த உப்பை உலர்ந்த பிரஷ்ஷால் தட்டி எடுங்கள், தண்ணீர் விட்டுக் கழுவினால் கரைந்து மறுபடி உள்ளேதான் போகும்.

சரி, பூச்சு. நீற்றிய சுண்ணாம்பை ஊறவைத்து, பழைய வேட்டியில் வடிகட்டி, மோர் பதத்தில் கரைத்துக்கொள்ளுங்கள். வீட்டிலேயே நீற்றுவதென்றால் தண்ணீரில் சுட்ட சுண்ணாம்புக் கல்லைப் போடவேண்டும், கல்லின் மேல் தண்ணீரை ஊற்றக்கூடாது, தெறித்தால் கண் போய்விடும், கண்ணாடி போட்டுக்கொள்ளுங்கள். சுவரில் லேசாகத் தண்ணீர் தெளித்து, நாளுக்கு ஒரு கை (ஒரு பூச்சு) வீதம் மூன்று கை மெல்லிசாக அடியுங்கள். தடியாக அடித்தால் வெடிக்கும்.

நிறத்துக்குக் காவி, மஞ்சள் காவி, துணிக்குப் போடும் நீலப் பொடி போதும். மஞ்சள் தூளைக் கலக்காதீர்கள், சுண்ணாம்பு பட்டால் சிவந்துவிடும், ஆரத்தி கரைத்தவர்களுக்குத் தெரியும். கடைசிப் பூச்சின் ஈரம் காயும்முன் வரைந்தால் நிறம் சுண்ணாம்போடு சேர்ந்து இறுகும்.

வீட்டுக்காரரிடமும் ஜமாஅத்திலும் (பள்ளிவாசல் நிர்வாகம்) முன்பே கேட்டுவிடுங்கள். பள்ளிவாசல் பக்கம் என்றால் முகங்களை விட்டுவிட்டு வள்ளம், வலை, பூவேலை என்று போவது நாகரிகம். சுவரில் இடுப்புயரம் வரைக்கும் வெறும் காவிப் பட்டை போதும், எண்ணெய்க் கையும் சைக்கிள் ஹேண்டிலும் அங்கேதான் படும்.

உச்சி வெயிலில் அடித்தால் பூச்சு மாவாக உதிரும். அஸர் தொழுகைக்குப் பிறகு, வெயில் தாழ்ந்ததும் தொடங்குங்கள். ஆனால் அந்த நேரத்தில்தான் புரோட்டாக் கல்லும் சூடாகும், புகை ஈரச் சுவரில் படியும். கடைக்கார காக்காவிடம் (அண்ணனிடம்) முதல்நாளே சொல்லி வைத்தால் அடுப்பைப் பத்தடி தள்ளிப் போடுவார். சால்னாவுக்குக் காசு மட்டும் குறைக்க மாட்டார்.