குண்டுவெடிப்பில் காயமடைந்த பொதுமக்களுக்கு ஒய்38 குறியீடு போடுவது எப்படி?

கொழும்பில் இருந்தபடி அமெரிக்க வைத்தியசாலை ஃபைல்களுக்குக் கோடிங் (நோய்க்கும் காயத்துக்கும் குறியீடு போடுவது) பழகத் தொடங்கியவர்களுக்கான விளக்கம் இது. அங்கே நடைமுறையில் இருப்பது ஐ.சி.டி.-10-சி.எம். என்ற நோய்க் குறியீட்டுத் தொகுதி. பயங்கரவாதத்துக்கென்றே அதில் ஒய்38 என்று ஒரு பிரிவு இருக்கிறது. இங்கே குறியீடுகளைத் தமிழில் எழுதியிருக்கிறோம். மென்பொருளில் ஆங்கில எழுத்தைத்தான் அடிக்க வேண்டும்.

ஒரு பயிற்சி ஃபைலை எடுத்துக்கொள்வோம். 34 வயதுப் பெண். தேவாலயத்தில் ஆராதனையின்போது குண்டு வெடித்திருக்கிறது. இடது முழங்காலுக்குக் கீழே கிழிந்த காயம், உள்ளே கண்ணாடித் துண்டு. வலது செவிப்பறை கிழிந்திருக்கிறது. துண்டை அவசர சிகிச்சைப் பிரிவிலேயே அகற்றிவிட்டார்கள்.

முதல் படி: காயம்

வெளிக்காரணக் குறியீடு (காயம் எதனால் வந்தது என்பதைச் சொல்வது; ஒய்38 அதில் ஒன்று) ஒருபோதும் முதல் வரியில் வராது. காயம் முன்னே, காரணம் பின்னே. காலுக்கு எஸ்81.822ஏ: அந்நியப் பொருளுடன் கிழிந்த காயம், இடது கீழ்க்கால். செவிப்பறைக்கு எஸ்09.21எக்ஸ்ஏ. இதில் நடுவே நிற்கும் எக்ஸ் வெற்றிடத்தை நிரப்ப வந்தது. சிகிச்சை எந்தக் கட்டம் என்பதைக் காட்டும் ஏழாவது எழுத்து (இங்கே ஏ) ஏழாவது இடத்தில்தான் நிற்க வேண்டும். எக்ஸை விட்டால் ஏ ஆறாவது இடத்துக்கு வந்துவிடும், குறியீடு செல்லாது.

வெடிப்பு அலை காதைத் தாக்குவது சாதாரணம். அதனால் இப்படியான ஃபைலில் காது பற்றிய குறிப்பைத் தேடிப் பாருங்கள். வைத்தியர் 'காதின் முதன்மை வெடிப்புக் காயம்' என்றே எழுதியிருந்தால் எஸ்09.31 வரிசைக்குப் போகலாம். அவர் எழுதாததை நீங்கள் ஊகித்து மாற்ற வேண்டாம்.

இரண்டாம் படி: பயங்கரவாதம் என்று சொன்னது யார்?

புதியவர்கள் அதிகம் சறுக்குவது இங்கேதான். சம்பவத்தைப் பயங்கரவாதம் என்று அமெரிக்க மத்திய புலனாய்வு அமைப்பான எஃப்.பி.ஐ. அடையாளப்படுத்தியிருந்தால் மட்டுமே ஒய்38 போடலாம் என்கிறது ஐ.சி.டி.-10-சி.எம். வழிகாட்டி. செய்தியில் பார்த்தேன், நோயாளி சொன்னார் என்பதெல்லாம் கணக்கில் வராது. 'சந்தேகிக்கப்படுகிறது' என்றிருந்தால் அது தாக்குதல்தான்: வெடிபொருளின் வகை தெரியாதபோது எக்ஸ்96.9எக்ஸ்எக்ஸ்ஏ. ஃபைல் தெளிவில்லையா? வைத்தியருக்கு எழுத்தில் கேள்வி அனுப்புங்கள். நம் பயிற்சி ஃபைலில் உறுதிப்படுத்தல் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம்.

மூன்றாம் படி: எண்ணைக் கட்டுவது

வெளிக்காரண அட்டவணையில் 'டெரரிசம்' என்ற தலைப்புக்குப் போங்கள். புள்ளிக்குப் பின் வரும் எண் வழிமுறையைச் சொல்கிறது: 2 என்றால் வெடிப்பும் சிதறலும், 3 தீ, 4 துப்பாக்கி, 7 இரசாயனம். தற்கொலைக் குண்டுதாரி என்று பதிவில் இருந்தால் 81. ஆறாவது இடம் காயப்பட்டவர் யார் என்பதற்கு: 1 பொலிஸ், தீயணைப்பு போன்ற பொதுப் பாதுகாப்பு அலுவலர், 2 பொதுமக்கள், 3 பயங்கரவாதி.

நம் ஃபைலுக்கு ஒய்38.2எக்ஸ்2ஏ. தற்கொலைக் குண்டுதாரி என்றிருந்தால் ஒய்38.812ஏ. அதில் இடம் காலியில்லை, எக்ஸும் தேவையில்லை.

போர் நடவடிக்கைகளுக்கான ஒய்36 பிரிவில் வேலை செய்து கை பழகியவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. அங்கே ஆறாவது இடத்தில் 0 படையினர், 1 பொதுமக்கள். அதே நினைப்பில் ஒய்38இலும் 1 அடித்தால், கண்ணாடி குத்திய பெண் பாதுகாப்பு அலுவலராகிவிடுவார். குறியீடு செல்லுபடியாகும் என்பதால் மென்பொருளும் வாய் திறக்காது.

ஏழாவது எழுத்திலும் குழப்பம் உண்டு. ஏ என்றால் முதல் வருகை என்று மனப்பாடம் செய்யாதீர்கள். காயத்துக்கான செயலூக்கச் சிகிச்சை தொடரும்வரை ஏதான். இரண்டு கிழமை கழித்து, மிஞ்சிய கண்ணாடியை எடுக்கச் சத்திரசிகிச்சை நடந்தாலும் ஏ. தையல் பிரிக்க வந்தால் டி. பல மாதங்களுக்குப் பின் தழும்புக்காக வந்தால் எஸ், அதாவது பழைய காயத்தின் எச்சம்: முதலில் தழும்புக்கு எல்90.5, பிறகு எஸ்81.822எஸ், கடைசியில் ஒய்38.2எக்ஸ்2எஸ்.

நான்காம் படி: வரிசையும் இடமும்

வெளிக்காரணங்களுக்குள் ஒய்38 முன்னே நிற்கும். துஷ்பிரயோகக் குறியீடு மட்டும்தான் அதை முந்தும். அடுத்து இடம்: தேவாலயத்துக்கு ஒய்92.22. இது முதல் சிகிச்சையின்போது ஒரே ஒரு தடவை மட்டும். வெளிக்காரணக் குறியீடு அமெரிக்காவில் தேசிய அளவில் கட்டாயமில்லை. மாநிலமோ காப்புறுதி நிறுவனமோ கேட்டால் கட்டாயம்.

மறுநாள் பாதி இடிந்த சுவர் விழுந்து ஒருவர் காயப்பட்டால் அது பின்விளைவு: ஒய்38.9எக்ஸ்2ஏ. உடலில் கீறல்கூட இல்லாமல் கடுமையான மன அதிர்ச்சியோடு வந்தவருக்கு, வைத்தியரின் நோயறிதல் அதுவாக இருந்தால், எஃப்43.0 வரும். பயங்கரவாதத்தால் பாதிக்கப்பட்டவர் என்ற பின்னணியைப் பதிய இசட்65.4 என்றொரு குறியீடும் இருக்கிறது. பலர் அதை மறந்துவிடுகிறார்கள்.

நம்மூர் பி.எச்.ரி.யோடு (உள்நோயாளரின் சிகிச்சைப் பதிவேடு) குழப்ப வேண்டாம்

இலங்கை அரச வைத்தியசாலைகளின் உள்நோயாளர் அறிக்கைகளுக்கு உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-10தான். அதில் ஒய்38 கிடையாது. 2019 ஏப்ரல் 21 அன்று கொச்சிக்கடைத் தேவாலயத்தில் நடந்தது போன்ற வெடிப்பு அங்கே எக்ஸ்96 என்ற தாக்குதல் பிரிவில்தான் சேரும். நான்காவது எண் இடத்தைக் குறிக்கும்: தேவாலயம் 2, ஹோட்டல் 5. ஆகவே தேவாலய வெடிப்பு எக்ஸ்96.2. அமெரிக்கத் தொகுதியில் அதே எக்ஸ்96.2க்குப் பொருள் கடிதக் குண்டு. இரண்டு தொகுதியிலும் வேலை செய்பவர்கள், எண்ணை அடிக்குமுன் திரையின் மேல்மூலையில் எந்தத் தொகுதி திறந்திருக்கிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.