எவர்சில்வர் டம்ளரை நிஜம்போல வரைய: தவிர்க்க வேண்டிய தவறுகள்

நிஜம்போல வரையப் பழகுகிறவர்கள் பலர் வீட்டில் கைக்கெட்டும் எவர்சில்வர் டம்ளரில்தான் தொடங்குகிறார்கள். பென்சிலைக் கூராகச் சீவு, அவசரப்படாதே என்பதெல்லாம் எல்லோரும் சொல்வது, அவற்றை விட்டுவிடுகிறேன்.

கறுப்புக்காக அழுத்துவது

டம்ளரின் விளிம்புக்குக் கீழே கரிய பட்டை ஒன்று ஓடும். உடனே 8பி பென்சிலை எடுத்து அழுத்தித் தேய்த்துவிடுகிறார்கள். மேசையில் குனிந்து பார்த்தால் நல்ல கறுப்புதான். ஃபிரேம் போட்டு ஜன்னலுக்கு எதிர்ச் சுவரில் மாட்டியதும் அதே பட்டை ஈயம் பூசினாற்போல் வெளுத்து மின்னும். மூன்று வார வேலை வீண். ஒவ்வொரு முறை பார்க்கும்போதும் எரிச்சலாக இருக்கிறது; கொஞ்சம் முன்யோசனை இருந்தால் நடக்கவே நடக்காத தவறு இது.

பென்சில் முனையில் இருக்கும் கிராஃபைட் மெல்லிய தகடுகளால் ஆனது. அழுத்தினால் தகடுகள் தாளோடு படிந்து கண்ணாடிபோல ஒளியைத் திருப்பும். 6பி, 8பி பென்சில்களில் களிமண் குறைவு, கிராஃபைட் அதிகம்; மினுக்கமும் அதிகம். தாளின் சொரசொரப்பும் நசுங்கிவிடுவதால் மேலே எதுவும் பிடிக்காது, ரப்பராலும் முழுதாக எடுக்க வராது. மேட் ஃபிக்ஸேட்டிவ் (படம் கலையாமல் இருக்க அடிக்கும், மினுக்கமில்லாத ஸ்பிரே) அடித்தால் மினுக்கம் ஓரளவு குறையும், அவ்வளவுதான்.

எச்பி பென்சிலை அழுத்தாமல், அதன் எடையே போதும் என்ற அளவில் ஒரே பக்கமாக ஓட்டுங்கள். அதன்மேல் 2பி, குறுக்காக. பிறகு 4பி, பொடிப்பொடி வட்டங்களாக. அதோடு நிறுத்துங்கள். இன்னும் கறுப்பு வேண்டிய இடத்தை முதலிலிருந்தே வெறுமையாக விட்டுவைத்து, மினுங்காத கார்பன் பென்சிலால் நிரப்புங்கள். கிராஃபைட் பட்ட இடத்தில் கார்பன் வழுக்கும். ஸ்டெட்லர் மார்ஸ் லூமோகிராஃப் பிளாக் என்ற பென்சிலில் கார்பன் கலந்திருப்பதால் அவ்வளவாக மினுங்காது. எதுவானாலும் அதே தாளின் துண்டில் 1 செ.மீ. கட்டங்கள் ஐந்து நிரப்பி, ஜன்னலோரம் சாய்த்துப் பார்த்த பிறகே படத்தில் கை வையுங்கள்.

விரலால் தேய்ப்பது

வேண்டாம். புதுச்சேரி, கடலூர்க் காற்றில் கை சதா கசகசக்கும். பிசுக்கு இறங்கிய இடம் திட்டாகக் கறுக்கும். டிஷ்யூ அல்லது மென்மையான பிரஷ் போதும். உள்ளங்கைக்கு அடியில் ஒரு வெற்றுத்தாள்.

தாள்

புதுச்சேரியில் 1959 முதல் தயாராகும் அரவிந்தர் ஆசிரமக் கைத்தாள் அருமையானது. ஆனால் அதன் மேடுபள்ளத்தில் எவர்சில்வரின் வழவழப்பு வராது. அதை மண்பானைக்கு வைத்துக்கொள்ளுங்கள். டம்ளருக்கு வழவழப்பான பிரிஸ்டல் என்ற தடித்த வரைதாள், 200 ஜிஎஸ்எம்முக்குக் (ஒரு சதுர மீட்டர் தாளின் எடை, கிராமில்) குறையாமல்.

போன் படம்

கிட்டே வைத்து எடுத்தால் டம்ளர் வாய் அகன்று, அடிப்பாகம் சூம்பும். ஒன்றரை மீட்டர் தள்ளி நின்று 2 மடங்கு ஜூம் செய்யுங்கள். போன் கேமராவின் எச்டிஆர் வசதி நிழலை வெளுக்கவைக்கும். கறுப்பின் அளவை நிஜ டம்ளரைப் பார்த்தே முடிவு செய்யுங்கள்.

சுற்றுக்கோடு

டம்ளரின் உருவத்தைச் சுற்றிக் கோடு போட்டு வைக்காதீர்கள்; நிஜ டம்ளருக்கு அப்படி ஒரு கோடே கிடையாது.

ஃபிக்ஸேட்டிவ்

ஐப்பசி, கார்த்திகை மழையில் அடிக்காதீர்கள். ஈரக் காற்றில் வெண்படலம் படியலாம். நல்ல வெயில் வரும்வரை டிரேசிங் பேப்பரால் மூடி வையுங்கள்.