டோபாலஜி ஆராய்ச்சிக்குப் போக: செட்டிநாட்டுக் கணித மாணவர்களுக்கு

காரைக்குடி, தேவகோட்டைப் பக்கத்துக் கல்லூரிகளில் டோபாலஜி (வடிவத்தை வெட்டாமல் ஒட்டாமல் நீட்டி வளைத்தாலும் மாறாத பண்புகளைப் படிக்கும் கணிதப் பிரிவு) பெரும்பாலும் எம்.எஸ்சி.யில்தான் வரும். அதுவரை காத்திருக்க வேண்டாம். பி.எஸ்சி. இரண்டாம் ஆண்டிலேயே ரியல் அனாலிசிஸ், குரூப் தியரி, லீனியர் ஆல்ஜீப்ரா மூன்றையும் கணக்குப் போட்டே பழகுங்கள். இவற்றில் ஒன்று ஆட்டம் கண்டாலும் பின்னால் ஹோமாலஜி (வடிவத்தின் துளைகளை ஆல்ஜீப்ராவால் கணக்கிடும் முறை) பிடிபடாது. ஐ.ஐ.டி.யில் எம்.எஸ்சி. சேர பிப்ரவரியில் ஜாம் தேர்வு, சிறுசேரி சி.எம்.ஐ.யில் (சென்னைக் கணிதவியல் நிறுவனம்) சேரத் தனி நுழைவுத் தேர்வு.

டோபாலஜிப் பாடத்தின் முக்கியத் தேற்றமான யூரிசோன் லெம்மாவை வரி பிசகாமல் எழுதிப் பல்கலைத் தேர்வில் மதிப்பெண் வாங்கிவிடலாம். பிஎச்.டி. நேர்முகத்தில் அது போதாது. '[0,1), (0,1) இரண்டும் ஏன் ஹோமியோமார்ஃபிக் இல்லை?' என்பது போலக் கேட்பார்கள்; அதாவது வெட்டாமல் ஒட்டாமல் ஒன்றை மற்றொன்றாக ஏன் மாற்ற முடியாது என்று. (0,1)-இல் எந்தப் புள்ளியை நீக்கினாலும் இரண்டு துண்டாகும், [0,1)-இல் 0-வை நீக்கினால் ஒரே துண்டாகவே நிற்கும். இதைப் பலகையில் தயங்காமல் விளக்க வேண்டும். அதற்குப் பயிற்சி: ஒவ்வொரு தேற்றத்திலும் ஒரு நிபந்தனையை நீக்கிவிட்டு எதிர் உதாரணம் தேடுவது.

கோஷண்ட் டோபாலஜியை (புள்ளிகளை ஒட்டிப் புது வெளி உண்டாக்கும் முறை) பலர் தாண்டிப் போய்விடுகிறார்கள். அல்ஜீப்ராயிக் டோபாலஜியில் திணறுவது பெரும்பாலும் இதனால்தான். ஆத்தங்குடிக் கல் பதித்த தரையைப் பாருங்கள். ஒரே சதுரக் கல் எல்லாத் திசையிலும் திரும்ப வருகிறது. ஒரு கல்லின் எதிரெதிர் விளிம்புகளை ஒட்டியதாகக் கொண்டால் டோரஸ், அதாவது மெதுவடையின் மேற்பரப்பு போன்ற வடிவம். எல்லையில்லாமல் விரியும் தரை அதன் கவரிங் ஸ்பேஸ், அதாவது டோரஸை விரித்துப் போட்ட வெளி. டோரஸில் ஒரு மூடிய பாதை தரையில் இடமிருந்து வலம் எத்தனை கல், கீழிருந்து மேல் எத்தனை கல் நகர்கிறது என்ற இரண்டு முழு எண்கள்தான் ஃபண்டமென்டல் குரூப் (மூடிய பாதைகளின் குரூப்). இதை முழு நிரூபணத்தோடு எழுதிப் பாருங்கள். கவரிங் ஸ்பேஸ் பாடத்தில் பாதி கைக்கு வந்துவிடும்.

ஆய்வு நெறியாளரைத் தேர்ந்தெடுப்பதில்தான் அதிக கவனம் வேண்டும். 1970-இல் கணிதவியலாளர் நார்மன் லெவின் பொதுமைப்படுத்திய மூடிய கணங்களை அறிமுகப்படுத்தினார். அதை ஒட்டி ஆல்ஃபா, பீட்டா என்று முன்னொட்டு மாற்றிப் புதுக் கண வகைகளை வரையறுக்கும் ஆய்வேடுகள் நம் பக்கம் ஏராளம். பட்டம் கிடைக்கும். ஆனால் டி.ஐ.எஃப்.ஆர். (டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனம்), தரமணி ஐ.எம்.எஸ்சி. (கணித அறிவியல் நிறுவனம்) போன்ற இடங்களில் நடப்பது மேனிஃபோல்டு (கிட்டத்தில் சமதளம் போலத் தெரியும் வெளி), முடிச்சு, ஹோமோடோபி (ஒன்றைத் தொடர்ச்சியாக மற்றொன்றாக நகர்த்துவது) சார்ந்த வேலை. அங்கே போஸ்ட்டாக் (பிஎச்.டி.க்குப் பிந்தைய ஆய்வுப் பணி) கேட்கும்போது அந்த ஆய்வேடு கைகொடுக்காது. பதிவு செய்வதற்கு முன்பே நெறியாளரின் கடைசி ஐந்து கட்டுரைகளை ஆர்கைவில் (arXiv, ஆய்வுக் கட்டுரைகளை இலவசமாகப் படிக்கும் இணையத் தளம்) தேடிப் படியுங்கள். காசு வாங்கிக்கொண்டு ஒரே வாரத்தில் அச்சிடும் இதழ்களில் மட்டுமே எழுதியிருந்தால் விலகிக்கொள்ளுங்கள்.

செலவுக்கு சி.எஸ்.ஐ.ஆர். நெட் தேர்வு, ஆண்டுக்கு இரு முறை. அதில் ஜே.ஆர்.எஃப். (இளநிலை ஆய்வு உதவித்தொகை) கிடைத்தால் முதல் இரண்டு ஆண்டு மாதம் 37,000 ரூபாய், பிறகு 42,000; இது 2023-இல் உயர்த்திய தொகை. என்.பி.எச்.எம். (தேசிய உயர் கணித வாரியம்) உதவித்தொகைக்கும் மறக்காமல் விண்ணப்பியுங்கள்.

நல்ல கணித இதழ்களில் ஒரு கட்டுரை ஏற்கப்பட ஓராண்டுக்கு மேலும் ஆகலாம். ஆகவே எழுதி முடித்ததும் ஆர்கைவில் ஏற்றிவிடுங்கள். வெளிநாட்டு போஸ்ட்டாக் விண்ணப்பங்கள் பெரும்பாலும் அக்டோபர் முதல் டிசம்பருக்குள் முடிந்துவிடும். மூன்று, நான்கு பரிந்துரைக் கடிதம் கேட்பார்கள். நெறியாளர் தவிர வெளியாள் ஒருவராவது உங்கள் வேலையை அறிந்திருக்க வேண்டும். அதற்காகவே பிஎச்.டி. மூன்றாம் ஆண்டிலிருந்து பல்லவன் ரயில் ஏறிச் சென்னைக் கருத்தரங்குகளுக்குப் போய், பேசிய கணிதத்தைப் பற்றிக் கேள்வி கேளுங்கள். கடிதம் எழுதுபவரிடம் ஆய்வுத் திட்ட அறிக்கையையும் கட்டுரைகளையும் கடைசித் தேதிக்கு ஒரு மாதம் முன்பே கொடுத்துவிடுங்கள்.