சரித்திரப் படம் பார்க்கிறீர்களா? முதலில் இரண்டு ஆண்டுகளைக் குறித்துக்கொள்ளுங்கள்

கதை எந்த ஆண்டில் நடக்கிறது, படத்தை எந்த ஆண்டில் எடுத்தார்கள். படத்தைப் போடும் முன்பே இந்த இரண்டையும் ஒரு தாளில் எழுதிவிடுங்கள். நிறைய பேர் முதல் ஆண்டை மட்டும் பார்த்துவிட்டு, 'இப்படித்தான் நடந்ததா, இல்லையா' என்று சண்டை போடுகிறார்கள். என்னைக் கேட்டால் இரண்டாவதுதான் முக்கியம், எடுத்தவர்களின் காலத்துக்குத்தான் ஒரு படம் நேரடிச் சாட்சி.

'போர்க்கப்பல் பொட்டெம்கின்' படத்தை எடுத்துக்கொள்வோம். 1905இல் ரஷ்யக் கப்பலில் நடந்த கலகத்தை சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் 1925இல் படமாக்கினார். ஒடெசா என்ற துறைமுக நகரத்தின் படிக்கட்டில் சிப்பாய்கள் வரிசையாக இறங்கிவந்து மக்களைச் சுடுவதும், குழந்தையோடு தள்ளுவண்டி உருண்டு போவதும் பார்த்தவர்களுக்கு மறக்காது. ஒடெசாவில் அந்த நாட்களில் துப்பாக்கிச் சூடு நடந்தது, பலர் செத்தார்கள், அது நிஜம். ஆனால் படத்தில் வருகிற மாதிரி அந்தப் படிக்கட்டில் ஒரு படுகொலை நடக்கவில்லை. சரி, படத்தை ஒதுக்கிவிடலாமா? கூடாது. ஜார் மன்னருக்கு எதிரான 1905 புரட்சியின் 20ஆம் ஆண்டு நிறைவுக்காகச் சோவியத் அரசே எடுக்கச் சொன்ன படம் அது, புதிதாக வந்த அரசு தன் முன்கதையை மக்கள் எப்படி நினைவில் வைக்க வேண்டும் என்று விரும்பியது என்பது அதில் பளிச்சென்று தெரிகிறது. அதனால் எந்தப் படத்துக்கும் இந்தக் கேள்வியைக் கேளுங்கள்: பணம் போட்டது யார், யாருக்குக் காட்ட எடுத்தார்கள்?

ஆவணப்படம்தானே என்று நம்பிவிடாதீர்கள். 1916இல், முதல் உலகப் போரின்போது, பிரான்சில் சோம் போர் நடந்துகொண்டிருக்கும்போதே அதைப் பற்றிய படத்தைப் பிரிட்டனில் திரையிட்டார்கள். அதில் வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறும்போது ஒருவர் குண்டடிபட்டு அப்படியே சறுக்கி விழுவார். அது போர்முனைக்குப் பின்னால் நடிக்கவைத்து எடுத்தது. கேமரா எங்கே நின்றிருக்கும் என்று யோசித்தாலே சந்தேகம் வரும்: தோட்டா பறக்கிற இடத்தில் நின்று ஒருவர் நிதானமாகக் கேமராவின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருப்பாரா? ஆனால் அதே படத்தில் காயம்பட்டவர்களைச் சுமந்து வரும் காட்சிகள் அசல். ஆகவே முழுப் படத்துக்கும் ஒரே முத்திரை குத்தாமல் காட்சி காட்சியாகப் பாருங்கள்.

அப்புறம், பழைய சமூகப் படங்களை விட்டுவிடாதீர்கள், சரித்திரம் சொல்ல வராத படத்தில்தான் அது தானாக வந்து மாட்டும். தெருவில் எடுத்த காட்சி வந்தால் ஒலியை நிறுத்திவிட்டு நாயகனுக்குப் பின்னால் பாருங்கள். கடைப் பலகை, வண்டிகள், போகிறவர்கள் காலில் செருப்பு இருக்கிறதா, கேமராவைத் திரும்பிப் பார்க்கிற சிறுவன். இதையெல்லாம் பெரும்பாலும் யாரும் ஜோடித்து வைப்பதில்லை.

கடைசியாக, உங்களை உலுக்கிய ஒரே ஒரு காட்சியை எடுத்து, அந்தக் காலத்துக் கடிதங்கள், செய்தித்தாள்கள், வரலாற்றாசிரியர்களின் நூல்கள் ஆகியவற்றோடு ஒப்பிடுங்கள். படம் எதைச் சேர்த்தது என்பதோடு யாரை விட்டுவிட்டது என்றும் எழுதிவைத்துக்கொண்டு, பிறகு இன்னொரு முறை பாருங்கள்.